பன்னிரண்டரை பிராங்க், பத்து பிராங்க்

குவாதலூப், மர்த்தினீக் தீவுகளின் கரும்புத் தோட்டங்களுக்குப் புதுச்சேரியிலிருந்து ஆள் ஏற்றிய காலத்தில், ஒப்பந்தச் சீட்டில் எழுதிய மாதச் சம்பளம் இது: ஆணுக்கு 12.50 பிராங்க், பெண்ணுக்கு 10, பிள்ளைக்கு 5. மாதம் 26 நாள் வேலை, ஐந்து வருடக் கட்டு. அரிசி, உப்பிட்ட மீன், துணி தனி. கப்பல் ஏறியவர்களில் பெரும்பாலோருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆனாலும் முதல் இரண்டு எண்களுக்கும் உள்ள வித்தியாசத்தை அவர்களுக்கு யாரும் விளக்க வேண்டியிருந்திருக்காது. பாகூர் வரப்பிலும் வில்லியனூர் வரப்பிலும் பொழுது சாய்ந்து கூலி அளக்கும்போது நடந்த கணக்கும் அதேதான். ஆண் கூலி ஒன்று, அதற்குக் கீழே பெண் கூலி ஒன்று.

வேலையைப் பற்றியும் வேலை செய்கிறவர்களைப் பற்றியும் ஊர் ஊராகப் போய்க் கேட்டு எழுதியதுதான் என் பிழைப்பு. கல்லூரி ஆசிரியர்களின் சமூகவியல் ஆய்வுகளுக்காகக் கேள்வித்தாளைச் சுமந்துகொண்டு வீடு வீடாக ஏறி இறங்கியிருக்கிறேன். அந்தத் தாள்களின் முதல் பக்கத்தில் ‘பால்’ என்று ஒரு கட்டம் இருக்கும். ‘தொழில்’ என்ற கட்டம் இரண்டு பக்கம் தள்ளி வரும். ஒருவர் ஆணா பெண்ணா என்பது பிறக்கும்போதே முடிவான விஷயம், தொழில் பிறகு வந்து சேர்வது என்று தாளைத் தயாரித்தவர்கள் எண்ணியிருப்பார்கள். எங்கள் பக்கத்து இருநூறு வருடக் கதையைப் பார்த்தால் எனக்கு வரிசை தலைகீழாகத் தெரிகிறது. எந்த வேலைக்கு நிறுத்தி, எந்தக் கூலியைக் கையில் கொடுத்தார்களோ, அதை வைத்துத்தான் ஊர் ஒருவரை ஆண் என்றது, பெண் என்றது.

என் அம்மா பாகூர் ஏரிப் பாசனத்தில் நடவாள். புதுச்சேரியில் ஊசுடு ஏரிக்கு அடுத்த பெரிய ஏரி பாகூர் ஏரி. தென்பெண்ணைத் தண்ணீரைப் பங்காரு வாய்க்கால் அதில் கொண்டுவந்து சேர்க்கிறது. பங்காரி, சிங்காரி என்ற இரண்டு தாசிப் பெண்கள் வெட்டிவைத்த வாய்க்கால்கள் என்று ஊரில் பெரியவர்கள் சொல்வார்கள். அது சரித்திரமா கதையா என்ற விசாரணை இங்கே வேண்டாம். இத்தனை நெல்லும் இரண்டு பெண்களின் கொடை என்று சொல்லிக்கொண்ட அதே ஊர், நடவுப் பெண்ணுக்குக் குறைத்து அளந்தது. அதை என்னால் லேசாக எடுத்துக்கொள்ள முடியவில்லை.

நடவு நாளில் விடிந்ததும் நாற்றங்காலில் ஆண்கள் இறங்குவார்கள். நாற்றுப் பறிப்பது ஆண் வேலை. பறித்த நாற்றை வேர்ச்சேறு போகத் தண்ணீரில் அலசி, முடி முடியாகக் கட்டி, தூக்கிவந்து வயலில் ஆங்காங்கே வீசிவிடுவார்கள். அண்டை கழிப்பது, பரம்பு அடிப்பது அவர்களுடையது. பிறகு பெண்கள் வரிசை கட்டி இறங்குவார்கள். இடது கையில் முடி. அதிலிருந்து கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் மூன்று நான்கு நாற்றைப் பிரித்து வலது கைக்கு மாற்றி, சேற்றில் ஊன்றி, பின்னால் ஒரு அடி வைத்து மறுபடி ஊன்ற வேண்டும். ஆழமாக ஊன்றினால் தூர் கட்டாது. மேலாக ஊன்றினால் தண்ணீர் வந்ததும் மிதந்துவிடும். அந்த அளவு விரலுக்குத் தெரியும், வாய்க்குச் சொல்லத் தெரியாது. குனிந்தால் கரை ஏறும்வரை குனிந்ததுதான். ஒருத்தி நிமிர்ந்து நின்றால் வரிசை கோணிவிடும். நடவுக் காலம் முழுக்க அம்மாவின் கால் விரலிடுக்கில் சேற்றுப்புண் இருக்கும். ராத்திரியில் மஞ்சளும் எண்ணெயும் குழைத்துப் பூசிவிடுவது என் வேலை.

பெண் கூலி ஏன் குறைவு என்று சிறுவயதில் அம்மாவிடம் கேட்டேன்.

“அது பொம்பள வேலடி. பொம்பள வேலைக்குப் பொம்பள கூலி.”

“அப்போ ஆம்பள நட்டா?”

“எந்த ஆம்பளடி நடுவான்? ஊரு சிரிக்கும்.”

நாற்று முடி கட்டுகிற கையை ஆணுடையது என்றும், அதைப் பிரித்து நடுகிற கையைப் பெண்ணுடையது என்றும் யார் பிரித்தார்களோ தெரியாது. நிலம் எங்களுடையதாக இருந்ததில்லை. நாங்கள் சேரியிலிருந்து போன கூலிகள், என் தாத்தா காலத்தில் படியாள்கள். பண்ணைக்கு மொத்தக் குடும்பமும் கட்டுப்பட்டது. ஆனால் அளக்கும்போது மட்டும் குடும்பத்தை இரண்டாகப் பிரித்து அளந்தார்கள்.

இந்தக் கட்டிலிருந்து தப்பிக்கக் கடல் ஒரு வழியாகத் தெரிந்திருக்க வேண்டும். ஆள் ஏற்றுவது எங்கள் கரைக்குப் புதிதும் அல்ல. ஆட்களை ஏமாற்றிப் பிடித்து அடிமைகளாகக் கப்பலேற்றிய விவகாரம் ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பிலேயே 1743ஆம் வருடத்துச் செய்தியாக வருகிறது. 1848 ஏப்ரலில் பிரான்ஸ் தன் குடியேற்ற நாடுகளில் அடிமைமுறையை ஒழித்தது. விடுதலையான ஆப்பிரிக்க வழி மக்களில் பலர் பழைய எஜமானர்களின் கரும்புக்குள் மறுபடி இறங்க விரும்பவில்லை. முதலாளிகள் இந்தியாவைப் பார்த்தார்கள். ரெயூனியோன் தீவுக்கு 1828லிருந்தே ஆட்கள் போகத் தொடங்கியிருந்தார்கள். ‘ஒரேலி’ என்ற கப்பல் 1853 மே மாதம் மர்த்தினீக்கிலும், 1854 டிசம்பர் 24 அன்று குவாதலூப்பிலும் முதல் இந்தியக் கூலிகளை இறக்கியது. அதற்குப் பின் சுமார் 35 வருடங்களில் குவாதலூப்புக்கு 42,000 பேர், மர்த்தினீக்குக்கு 25,000 பேர், ரெயூனியோனுக்கு எல்லாம் சேர்த்து ஒரு லட்சத்துக்கு மேல். கல்கத்தாவிலிருந்தும் போனார்கள் என்றாலும் புதுச்சேரியும் காரைக்காலும்தான் முக்கியத் துறைகள்.

வில்லியனூர், பாகூர் எல்லையை வரைபடத்தில் பார்த்தவர்களுக்குத் தெரியும், ஒரு வயல் பிரெஞ்சுக்காரருடையது, அடுத்த வயல் ஆங்கிலேயருடையது. ஆள் பிடிக்கும் மேஸ்திரிகளுக்கு இந்தக் குழப்பம் வசதியாக இருந்தது. தென்னாற்காட்டுக் கிராமத்தில் முன்பணம் காட்டிய ஆளை ஒரு வரப்பைத் தாண்டவைத்தால் போதும், அவன் பிரெஞ்சு மண்ணில் நிற்பான். 1861 ஜூலை 1 அன்று பிரிட்டனும் பிரான்சும் செய்துகொண்ட உடன்படிக்கைக்குப் பிறகு ஆங்கிலேயப் பகுதியிலிருந்தும் சட்டப்படியே ஆள் எடுத்தார்கள். துறைமுகத்தில் கண்காணிக்க ஆங்கிலேய ஏஜென்ட் ஒருவர் உட்கார்ந்தார். 1876 முதல் 1878 வரை அடித்த பெரும்பஞ்சத்தில் மேஸ்திரிகள் ஆளைத் தேடிப் போக வேண்டியிருக்கவில்லை. பசியே அவர்களை நடத்திக் கொண்டுவந்தது.

அந்த உடன்படிக்கையில் என்னை நிறுத்திவைத்தது பெண்களைப் பற்றிய பிரிவு. ஒவ்வொரு கப்பலிலும் ஆண்களின் எண்ணிக்கையில் கால் பங்குக்காவது பெண்கள் இருக்க வேண்டும். மூன்று வருடம் கழித்து அது மூன்றில் ஒரு பங்கு, அதன் பின் பாதி. பெண்களின் நலனைக் கருதியா இதை எழுதினார்கள்? முந்தைய கப்பல்களில் ஆண்களே நிரம்பிப் போனதால் தோட்டங்களில் நடந்த சச்சரவுகளும் கொலைகளும் ஆங்கிலேயக் குடியேற்றங்களில் பெரிய பேச்சாகியிருந்தன. குடும்பம் இருந்தால் ஆண் அடங்கி இருப்பான், கட்டு முடிந்தும் தங்குவான். பெண் வேலைக்காரியாக இருப்பதற்கு முன்பே மனைவியாக எண்ணப்பட்டாள். வேலைக்காரியாக எண்ணியபோது பத்து பிராங்க்.

மேஸ்திரிகள் பெண்களுக்காக அலைந்தார்கள். கணவனை இழந்தவர்கள், கைவிடப்பட்டவர்கள், வீட்டைவிட்டுக் கிளம்பியவர்கள், பஞ்சத்தில் குடும்பத்தையே பறிகொடுத்தவர்கள் என்று கிடைத்தவர்களைச் சேர்த்தார்கள். தனியாக வந்த பெண்ணைப் பற்றி அந்தக் கால அதிகாரிகள் எழுதிய குறிப்புகளில் ஒழுக்கச் சந்தேகம் ஏராளம். அதே கப்பலில் தனியாக வந்த ஆணைப் பற்றி அப்படி ஒரு வரியும் தேவைப்படவில்லை. கூலி வேலைக்குத் தன் காலில் கிளம்பிய முதல் தலைமுறைப் பெண்கள் இவர்கள் என்று சொல்ல எனக்கு உரிமை உண்டு என்று நினைக்கிறேன். எங்கள் சேரியிலிருந்தும் போயிருப்பார்கள். அவர்களை ஓடிப்போனவர்கள் என்று சொல்லி மறந்தோம்.

தீவில் கரும்பு வெட்டும்போது ஆண் கத்தியோடு முன்னால் போவான். பெண் பின்னாலேயே போய் வெட்டிய கரும்பைக் கட்டுக் கட்டாகக் கட்டுவாள். அங்கே கட்டுவது பெண் வேலை. பாகூரில் நாற்று முடி கட்டுவது ஆண் வேலை. இரண்டும் குனிந்து, சேர்த்து, இறுக்கிக் கட்டுகிற வேலைகள்தான். கடலைக் கடந்ததும் கட்டுகிற கை ஆணிடமிருந்து பெண்ணிடம் போய்விட்டது. கூலி மட்டும் இடம் மாறவில்லை. இரண்டு கரையிலும் பெண்ணுக்குத்தான் குறைவு. ஒரு வேலை ஆணுடையதா பெண்ணுடையதா என்பது வேலைக்குள் இல்லை என்பதற்கு இதைவிடத் துலக்கமான சான்று எனக்குக் கிடைத்ததில்லை.

இன்றைக்கு அந்தத் தீவுகளில் தமிழ் பேச்சு போய்விட்டது, பேர்கள் நிற்கின்றன. ராமசாமி, வீராசாமி, முத்துசாமி எல்லாம் குடும்பப்பேர்கள் ஆகிவிட்டன. மினாச்சி என்றும் ஒரு குடும்பப்பேர் உண்டு. மீனாட்சி என்ற ஒருத்தி, பிள்ளையின் தகப்பன் பேரை எழுதாமல் தன் பேரையே பதிவேட்டில் கொடுத்திருப்பாள் என்பது என் ஊகம். குவாதலூப்காரரான ஹென்றி சிதம்பரம், 1863ல் பிறந்தவர், இந்திய வம்சாவளியினரையும் பிரெஞ்சுக் குடிமக்களாக ஏற்று வாக்குரிமை தர வேண்டும் என்று 1904லிருந்து 1923 வரை வழக்காடி வென்றார். அது ஆண்களுக்குக் கிடைத்த வாக்கு. பிரெஞ்சுப் பெண்களுக்கே 1944ல்தான் வாக்குரிமை வந்தது. பத்து பிராங்க் வாங்கியவளின் மகள் இன்னும் இருபது வருடம் காத்திருந்தாள்.

ஊரில் இருந்தவர்களுக்கு அடுத்த கடல், இந்தோசீனா. 1881 சட்டத்துக்குப் பிறகு சொந்த வழக்கத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்துக்குக் கட்டுப்பட்ட ஆண்கள் சைகோனுக்குச் சிப்பாய்களாகவும் குமாஸ்தாக்களாகவும் போனார்கள். ‘சொல்தா’ (சிப்பாய்) வீடு என்றால் ஊரில் தனி மரியாதை. போனவர்களின் கதை நிறைய எழுதப்பட்டிருக்கிறது. இங்கே நிலத்தையும் மாமியாரையும் பார்த்துக்கொண்டிருந்த மனைவிமார் செய்ததை யாரும் வேலை என்று எழுதவில்லை.

என் அப்பா பக்கம் வில்லியனூர். அப்பாவைப் பெற்ற பாட்டி ரோடியர் மில்லில் ரீலிங் வேலை பார்த்தவள். புதுச்சேரியில் முதலில் வந்தது சவானா, 1820களின் கடைசியில். ரோடியர் 1898ல் வந்தது. கப்லே என்று இன்னொரு மில்லும் இருந்தது. இங்கே நெய்து நீலம் தோய்த்த துணி செனகல் நாட்டுக்குப் போய், அங்கே பணத்துக்குப் பதிலாகக் கைமாறியது. விடிவதற்கு முன்பே வில்லியனூர்ப் பக்கத்து ஊர்களிலிருந்து சாலை நிறைய ஆள் நடக்கும். சங்கு ஊதுவதற்குள் உள்ளே போகாவிட்டால் அன்றைய கூலி போச்சு. பாட்டி கைப்பிள்ளையும் ஒரு தூக்குக் கஞ்சியுமாக நடந்திருக்கிறாள். பிள்ளை என் அப்பா.

ரீலிங் என்பது பாபினில் வந்த நூலைச் சுழலும் சட்டத்தில் சுற்றிச் சிட்டமாக்குவது. நூல் அறுந்தால் கண்ணிமைக்கும் நேரத்தில் முடிச்சுப் போட வேண்டும். பாட்டி எழுபது வயதிலும் என் அறுந்த மணிமாலையைப் பார்க்காமலே கட்டிக் கொடுப்பாள். அந்தப் பிரிவு முழுக்கப் பெண்கள். மெல்லிய விரல் என்று காரணம் சொன்னார்கள். நெசவுப் பிரிவு ஆண்களுக்கு, கூலியும் கூட.

1936 ஜூலை 30 புதுச்சேரியில் எல்லோருக்கும் தெரிந்த நாள். எட்டு மணி நேர வேலை கேட்டு மில்லுக்குள்ளேயே தங்கிப் போராடியவர்கள்மேல் துப்பாக்கிச் சூடு நடந்து 12 தொழிலாளர்கள் இறந்தார்கள். வ. சுப்பையா தலைமையில் நடந்த அந்தப் போராட்டத்தின் பலனாக 1937 ஏப்ரல் 6 அன்று பிரெஞ்சிந்தியாவுக்குத் தொழிலாளர் சட்டம் வந்தது. எட்டு மணி நேரமும் சங்க உரிமையும் அந்த இரத்தத்தில் கிடைத்தவை. அதைச் சொல்லும்போது பாட்டி எழுந்து நின்று சொல்வாள், நானும் எழுந்து நின்றுதான் கேட்பேன். அதே சட்டம் பெண்களின் இரவு வேலையையும் தடுத்தது. நல்ல எண்ணத்தில் வந்ததுதான். ஆனால் ஷிப்டு முறை வந்த பிறகு இரவில் நிற்க முடியாத ஆளை வைத்துக்கொள்ள நிர்வாகங்களுக்கு மனமில்லை. இந்தியா முழுக்கவே மில்களில் பெண்களின் பங்கு அதற்குப் பின் சுருங்கிக்கொண்டே போனது. பாட்டியோடு நடந்த பெண்கள் ஒவ்வொருவராக வீட்டோடு நின்றார்கள். அவர்களுடைய இடத்துக்கு மகள்கள் போகவில்லை, மகன்கள் போனார்கள். மெல்லிய விரல் தேவை என்று சொன்ன அதே நூலை அதன் பிறகு ஆண்களின் விரல்கள் பிடித்தன. நூல் ஒன்றும் அறுந்துவிடவில்லை. ரோடியர் மில், பின்னாளில் ஏ.எப்.டி., 2020ல் மொத்தமாக மூடப்பட்டது.

இதுவரை ஆண், பெண் என்று இரண்டாகவே சொல்லி வந்தேன். கூலி இரண்டாகவே இருந்ததால் அந்த இரண்டுக்குள் அடங்காதவர்களுக்கு ஊரில் வேலையே இல்லாமல் போனது. அதைத்தான் இப்போது சொல்ல வேண்டும்.

பாகூர் கொம்யூனில், கடலூர் சாலையை ஒட்டி பிள்ளையார்குப்பம் இருக்கிறது. அங்கே கூத்தாண்டவர் கோயில். கூவாகத்தைப் போலவே இங்கும் திருவிழாவுக்குத் திருநங்கைகள் கூடுவார்கள். கூத்தாண்டவராகிய அரவானுக்குத் தாலி கட்டிக்கொண்டு மறுநாள் அறுப்பார்கள். கூத்தாண்டவருக்கு வேண்டிக்கொண்டு ஊர் ஆண்களும் தாலி கட்டிக்கொள்ளும் வழக்கம் உண்டு. அந்த ஆணை அன்றைக்கு ஊரில் யாரும் கேலி பேசுவதில்லை. எங்கள் பக்கத்தில் திரௌபதியம்மன் கோயில்களில் பாரதக் கூத்து நடக்கும். பாஞ்சாலி வேஷம் கட்டுவதும் ஆண்தான். நன்றாகக் கட்டினால் பெண்களே வந்து கும்பிடுவார்கள். சாமிக்கு முன்னாலும் விளக்குக்கு முன்னாலும் ஏற்றுக்கொண்ட ஊர், விடிந்தால் மம்பட்டியை நீட்டியது.

மம்பட்டி என்று சொன்னது, கிருமாம்பாக்கம் பக்கத்து ஊர்க்காரியான ஒரு திருநங்கை என்னிடம் சொன்னதை வைத்து. பதினாலு வயதில் அப்பா அவளை அண்டை வெட்டக் கூட்டிப்போனார். அவளுக்குப் பக்கத்து வயலில் நடவு நட்டுக்கொண்டிருந்த அத்தைமாரோடு இறங்க ஆசை.

“நடவுப் பாட்டு பூரா எனக்கு மனப்பாடம்க்கா. வரப்புல நின்னு கூடவே பாடுவேன். எங்க அப்பா மண்ணாங்கட்டிய எடுத்து அடிப்பாரு. ‘ஆம்பளையா லட்சணமா மம்பட்டியப் புடிடா’ன்னு. ஒரு நாள் எறங்கி ரெண்டு முடி நட்டுட்டேன். அன்னிக்கு ராத்திரி ஊட்ட உட்டுத் தொரத்திட்டாங்க.”

விழுப்புரம், பெங்களூரு, பிறகு மும்பை. கடை கேட்டும் ரயிலில் கைதட்டியும் பல வருடம். கிராமத்தைவிட்டு இப்படிக் கிளம்பிய பயணங்கள் தமிழில் பதிவாகியிருக்கின்றன. நாமக்கல் பக்கத்துக் கிராமத்திலிருந்து டெல்லிக்கும் மும்பைக்கும் போன ஆ. ரேவதி எழுதியிருக்கிறார். முதுகலை படித்துவிட்டு புனே ரயில்களில் பிச்சை எடுக்க நேர்ந்ததை லிவிங் ஸ்மைல் வித்யா 2007ல் வந்த ‘நான், வித்யா’வில் எழுதினார். இவையெல்லாம் வேலைக்காக இடம்பெயர்ந்த கதைகளும்தான். ஆனால் நான் சுமந்த எந்தக் கேள்வித்தாளிலும் இடம்பெயர்ந்ததற்கான காரணங்களின் பட்டியலில் இதற்கு ஒரு எண் இருந்ததில்லை. ‘இதர’ என்று போடச் சொல்வார்கள். ஊரில் செய்ய ஆசைப்பட்ட வேலையைச் செய்யவிடாததால் போனவர் எப்படி ‘இதர’ ஆவார்?

தன் அம்மா படுத்தபடுக்கையானபோது கிருமாம்பாக்கத்துக்காரி ஊருக்குத் திரும்பினாள். நடவுக் கூட்டத்துக்குத் தலைமையாள் ஒரு பெரியம்மா. அவரிடம் போய், நானும் வரட்டுமா என்று கேட்டிருக்கிறாள். பெரியம்மா மேலும் கீழும் பார்த்துவிட்டு, “வரிசை கோணாம நடுவியா? அது போதும், எறங்கு” என்று சொல்லிவிட்டார். கூட இருந்தவர்களில் இரண்டு பேர் முணுமுணுத்தார்கள், மூன்றாம் நாள் அதுவும் ஓய்ந்தது. சாயங்காலம் நிலத்துக்காரர் பணத்தை எண்ணும்போது, உனக்கு ஆம்பள கூலியா பொம்பள கூலியா என்று சிரித்துக்கொண்டே கேட்டார்.

“பொம்பள கூலியே குடுங்கன்னு ரெண்டு கையும் நீட்டி வாங்கினேன்க்கா. எவ்ளோ கொறச்சல்னு எனக்குத் தெரியும். ஆனா அத்தினி பேருக்கு முன்னால அந்தாளு என்னப் பொம்பளன்னு ஒத்துக்கினாரு இல்ல? பாம்பேல எம்மா பணம் சம்பாரிச்சிருப்பேன், இந்த மாதிரி ஒரு கூலி வாங்கினதில்ல.”

அவளுடைய சந்தோஷத்தில் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆனால் அவள் கொடுத்த விலை என்னை விடாமல் அரிக்கிறது. பெண் என்று ஏற்கப்படுவதற்கு அவள் அன்றைக்குத் தன் உழைப்பில் ஒரு பங்கை நிலத்துக்காரருக்கு விட்டுக்கொடுத்திருக்கிறாள். என் அம்மா கேள்வி கேட்காமல் விட்டுக்கொடுத்ததும், கப்பல் ஏறியவள் கைநாட்டு வைத்து விட்டுக்கொடுத்ததும் இதே பங்குதான். 1976ல் சம ஊதியச் சட்டம் வந்தது. 2014 ஏப்ரல் 15 அன்று உச்ச நீதிமன்றம், தன் பாலினத்தைத் தானே சொல்லும் உரிமை ஒவ்வொருவருக்கும் உண்டு என்று தீர்ப்பளித்தது. இரண்டும் ஒரே வரப்பில் சந்தித்த இடத்தில் நடந்தது இது. 2008 ஏப்ரலில் புதுச்சேரிக்கு வந்த நூறு நாள் வேலையில் ஏரிக்கரையில் மண் சுமந்த எல்லோருக்கும் ஒரே கூலி இருந்தது. அந்தக் கரைக்கு நூறடி தள்ளியிருந்த வயலில் பழைய கணக்கே நடந்தது.

இப்போது பாகூர் வயல்களில் வங்காளத்து ஆண்கள் நடுகிறார்கள். முன்பு சேதராப்பட்டு, மேட்டுப்பாளையம் தொழிற்பேட்டைகளில்தான் வடக்கத்தி ஆட்களைப் பார்ப்போம். தகரக் கொட்டகையில் பத்துப் பேராகத் தங்கி இரும்பும் பிளாஸ்டிக்கும் உருக்குகிறவர்கள். எங்கள் ஊர்ப் பெண்பிள்ளைகள் கம்பெனி வேனில் ஏறத் தொடங்கிய பிறகு நடவுக்கு ஆள் குறைந்தது. நடவு மிஷின் சிலர் வாங்கினார்கள். ஆள் வேண்டியவர்கள் ஏஜென்ட்டுக்குப் போன் போட்டார்கள். வந்த குழுவில் எல்லோரும் ஆண்கள். அவர்கள் ஊரில் ஆண்கள் நடுவது சாதாரணம். நாற்றைத் தாங்களே பறித்து, தாங்களே கட்டி, தாங்களே நட்டு, ஏக்கருக்கு இவ்வளவு என்று காண்டிராக்ட் பேசி வாங்கிக்கொள்கிறார்கள். வரப்பில் நின்று பார்த்தேன். அம்மாவின் விரல்கள் செய்த அதே பிரிப்பு, அதே ஊன்றல். ஊர் சிரிக்கவில்லை. வேகமாக நடுகிறான் என்று மெச்சியது.

பெரியம்மா கோபமாக இருந்தார். “நாங்க நட்டப்போ பொம்பள வேல. இவனுங்க நட்டா காண்டிராக்டா?” என்றார். அந்தப் பையன்கள்மேல் எனக்குக் கோபம் வரவில்லை. இருபது வயதில் ஆயிரம் மைல் தாண்டி வந்து, பாஷை தெரியாத வயலில் குனிந்து நிற்பவர்கள். புதுச்சேரித் துறையில் கப்பலுக்குக் காத்திருந்தவர்களின் வயதும் அதுதான். ஏஜென்ட் முன்பணம் கொடுத்திருக்கிறான், அது கழியும்வரை திரும்ப முடியாது என்று அரைகுறை இந்தியில் பேசித் தெரிந்துகொண்டேன். இந்தக் கணக்கும் எங்கள் கரைக்குப் பழக்கமானதே.

போன நடவுக்குப் பெரியம்மாவின் கூட்டமும் ஏக்கர் கணக்குக்கு மாறிவிட்டது. நிலத்துக்காரர்களிடம், ஆள் கூலி வேண்டாம், வங்காளத்தானுக்குப் பேசுகிற தொகையை எங்களுக்கும் பேசு என்றார்கள். இரண்டு பேர் மறுத்தார்கள், மற்றவர்கள் ஒத்துக்கொண்டார்கள். பணம் வந்ததும் சாவடித் திண்ணையில் உட்கார்ந்து தலைக்கு ஒரு பங்காகப் பிரித்தார்கள். கிருமாம்பாக்கத்துக்காரிக்கும் ஒரு பங்கு, முழுப் பங்கு. நாற்றுப் பறிக்க வந்த மூன்று ஆண்கள்தான் எழுந்து நின்றார்கள். ஆண் கூலி வாங்கிய எங்களுக்கும் பொம்பளைகளுக்கும் ஒரே பங்கா என்று கேட்டார்கள். அப்படியானால் அடுத்த தடவை நாற்றையும் நாங்களே பறித்துக்கொள்கிறோம் என்று பெரியம்மா சொல்லியிருக்கிறார். சம்பா நடவு வருகிறது. பேச்சு இன்னும் முடியவில்லை.